ஹூஸ்டனுக்கு மட்டும் போன ஏழாவது பாட்டு

1998 ஒக்டோபர் 12, திங்கட்கிழமை, பிற்பகல் இரண்டு நாற்பதுக்கு ரொறன்ரோவில் இறங்கினேன். குடிவரவு மேசையில் இருந்த பெண் எதற்கு வந்தீர்கள் என்று கேட்டார். அக்காவின் மகனைப் பார்க்க என்றேன். அது பொய் இல்லை. ஆனால் சொல்லும்போது தோள்பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். அதற்குள் என்னுடைய 1989ஆம் ஆண்டு டயரி இருந்தது.

விஷயம் இதுதான். வெள்ளிக்கிழமை என் மருமகன் கோகுலனின் அகதி விசாரணை இரண்டாவது தடவையாகக் கூடுகிறது. யூலையில் நடந்த முதல் அமர்வில் ஒரு திகதி இடறிவிட்டது. அவனுடைய தகப்பனை, என் அத்தானை, ஊரில் வீட்டுக்கு வந்து கொண்டுபோனார்கள், அவர் திரும்பவில்லை. அது நடந்தது 1989 ஓகஸ்ட் 3 என்று கோகுலனின் படிவம் சொல்கிறது. ஊர்ச் சமாதான நீதவான் கொடுத்த கடிதத்தில் ஓகஸ்ட் 19 என்று இருக்கிறது. தகப்பனைக் கொண்டுபோன நாளையே ஒரு மகன் பதினாறு நாள் பிழையாகச் சொன்னால் மற்றதை எப்படி நம்புவது என்று கேட்டுவிட்டு அமர்வை ஒத்திவைத்தார்கள். யாரிடம் கேட்பது? அக்கா போன வருடம் மாசியில் கொழும்பில் இறந்துபோனாள்.

லோயரின் கந்தோரில் இருந்து, லண்டனில் இருக்கும் எனக்குப் போன் வந்தது. அந்தக் காலத்துப் பதிவு ஏதும் இருக்கிறதா என்று கேட்டார்கள். 1971இல் இருந்து ஒரு நாள் விடாமல் டயரி எழுதுகிறவன் நான். "இருக்கு" என்று உடனே சொல்லிவிட்டேன். போனை வைத்த பிறகுதான் பெட்டியைத் திறந்து பார்த்தேன். அப்போது நான் கொழும்பில் வேலை பார்த்தேன். ஓகஸ்ட் 3: மழை, பஸ்ஸில் குடையை விட்டேன். ஓகஸ்ட் 19: தலைமயிர் வெட்டினேன். செப்டெம்பர் 8: அத்தானைக் கொண்டுபோய்விட்டதாக அக்காவின் கடிதம் வந்தது. அவ்வளவுதான். செய்தி வந்த நாளை எழுதிய நான் சம்பவம் நடந்த நாளை எழுதவில்லை. கடிதமும் இப்போது இல்லை. இதை ஒருவருக்கும் சொல்ல வாய் வராமலே விமானம் ஏறினேன்.

கோகுலன் வெளியே நின்றான். இருபத்துமூன்று வயது. கடைசியாக அவனைப் பார்த்தபோது மீசை முளைக்கவில்லை. கட்டிப்பிடித்துவிட்டு, "கார் கொஞ்சம் பிரச்சினை, மாமா" என்றான். காரின் பின்பெட்டி முழுவதையும் இரண்டு ஸ்பீக்கர்கள் அடைத்திருந்தன. எனக்காகக் காத்திருந்த ஒன்றரை மணி நேரமும் பாட்டுப் போட்டிருக்கிறான், பற்றரி செத்துப்போயிற்று. ஒரு பஞ்சாபி டாக்சிக்காரர் வயர் கொடுத்து உதவினார். "தம்பி, இந்தப் பெட்டியை இழுக்க உனக்கு லொறி பற்றரி வேணும்" என்று அவர் ஆங்கிலத்தில் சொல்ல, கோகுலன் பதில் சொன்னான். நான் திரும்பிப் பார்த்தேன். அவன் வாயில் இருந்து வந்தது லண்டனில் நான் கேட்ட ஆங்கிலமும் இல்லை, குடிவரவுப் பெண் பேசியதும் இல்லை. சொற்கள் தேன் மாதிரி மெதுவாக இழுபட்டு வந்தன.

அவன் ஆங்கிலம் படித்தது அமெரிக்காவின் தெற்கில். 1994இல் அனுப்பிய ஏஜென்ட் அவனை ஹூஸ்டனில் கைவிட்டுப் போனான். மூன்று வருடம் ஒரு பெற்றோல் நிலையத்தில் கண்ணாடிக்குப் பின்னால் நின்று காசு வாங்கினான். பிறகுதான் எல்லை தாண்டி இங்கே வந்தான்.

மோர்னிங்சைட்டில் தம்பிராசா என்பவரின் வீட்டு நிலவறையில் அவன் வாடகைக்கு இருக்கிறான். அன்று நன்றி சொல்லும் நாள் என்று இந்த நாட்டில் விடுமுறை. தம்பிராசாவின் மனைவி வான்கோழி வாங்கி, யாழ்ப்பாணத் தூள் போட்டுக் கறி வைத்திருந்தார். இறைச்சி நார்நாராக இருந்தது, குழம்பு அருமை. புட்டோடு பிசைந்து சாப்பிட்டோம்.

"உவன்ரை பாட்டைக் கேட்டனீங்களோ அண்ணை?" என்றார் தம்பிராசா. மிசிசாகாவில் ஒரு தொழிற்சாலையில் மேற்பார்வையாளர். கையைவிட நாக்கு வேகமாக ஓடும் மனிதர். "வந்த புதிசிலை என்ன பாட்டடா உது எண்டு கேட்டன். தெற்கத்தைப் பாட்டு அங்கிள் எண்டான். எனக்குப் பகீரெண்டு போச்சு. இவ்வளவு தூரம் ஓடி வந்தும் தெற்கத்தைப் பாட்டோ, என்ரை வீட்டிலை சிங்களப் பாட்டுப் போடாதை எண்டு சொல்லிப்போட்டன்."

"ஒரு கிழமை அங்கிள் என்னோடை கதைக்கேல்லை, மாமா" என்றான் கோகுலன்.

"பிறகுதானே தெரியும், உது அமெரிக்காத் தெற்கு எண்டு. அதுவும் பாட்டில்லை, ராப்பாம். கோவத்திலை கதைக்கிறான், அவ்வளவுதான்."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். தோள்பையைக் காலுக்கடியில் தள்ளி வைத்தேன்.

செவ்வாய்க்கிழமை ஸ்காபரோவில் ஒரு பிளாசாவுக்குக் கூட்டிப்போனான். தமிழ்ப் பலசரக்குக் கடை, நகைக்கடை, கொத்துரொட்டிக் கடை. அவற்றுக்கு முன்னால் கார் நிறுத்துமிடம். அங்கே பின்பெட்டியைத் திறந்து வைத்துத் தன் கசெற்றை விற்கிறான். ஹூஸ்டனில் இப்படித்தானாம். பெரிய கொம்பனிகள் எல்லாம் நியூயோர்க்கிலும் கலிபோர்னியாவிலும் இருக்கின்றன. தெற்கத்தைப் பெடியளை அவர்கள் திரும்பிப் பார்ப்பதில்லை. அதனால் இவர்கள் வீட்டிலேயே பதிந்து, காரில் வைத்து, கார் கழுவும் இடத்திலும் முடிவெட்டும் கடை வாசலிலும் விற்கிறார்கள். பாட்டுகளின் வேகத்தைக் குறைத்து, குரல் கிணற்றுக்குள் இருந்து வருவதுபோல ஆக்கிக் கேட்பது அங்கே ஒரு பழக்கம். "அங்கை வெக்கை, மாமா. ஒருத்தரும் கெதியா நடக்க மாட்டினம். பாட்டும் அப்பிடித்தான்."

"நியூயோர்க்காரருக்கு என்ன குறை பிடிச்சது?"

"எங்கடை கதை பட்டிக்காட்டுக் கதையாம். விளங்கேல்லையாம்."

எனக்கு இது புதிய செய்தியாகப் படவில்லை. எங்கள் எழுத்தாளர்கள் 'வாறன்', 'எண்டு' என்று எழுதிய கதைகளைச் சென்னைப் பத்திரிகைகள் அடிக்குறிப்புப் போடச் சொல்லித் திருப்பி அனுப்பிய காலம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. கோபித்துக்கொண்டவர்கள் யாழ்ப்பாணத்திலேயே அச்சடித்து, சைக்கிள் கரியரில் கட்டிக்கொண்டு போய் விற்றார்கள். நானும் இரண்டு பேரிடம் வாங்கியிருக்கிறேன். கோகுலனிடம் இதைச் சொன்னேன். "சைக்கிளிலை ஸ்பீக்கர் இல்லைத்தானே" என்றான்.

தொப்பியைத் திருப்பிப் போட்ட ஒரு தமிழ்ப் பெடியன் வந்து பாட்டைக் கொஞ்சம் கேட்டான். "Bro, நீ கவ்பாயோ? Toronto-விலை இப்பிடி ஒருத்தரும் கதைக்க மாட்டாங்கள்" என்று சொல்லிச் சிரித்தான். கோகுலன் கோபிக்கவில்லை. "Houston-இலை நான் சிலோன்காரன், இஞ்சை கவ்பாய். எடுத்தா எடு, விட்டா விடு." பெடியன் ஒன்று எடுத்தான்.

நானும் ஒன்று எடுத்து அட்டையைப் பார்த்தேன். 1996 நவம்பரில் ஹூஸ்டனில் வெளியிட்டதை இங்கே மறுபடி பிரதி எடுத்திருக்கிறான். தன் வாழ்க்கையை முதலில் இருந்து சொல்லும் பாட்டுகள். ஒவ்வொன்றையும் காரில் போட்டுக்காட்டி, நான் நிறுத்தச் சொன்ன இடங்களில் நிறுத்திப் பொருள் சொன்னான். முதல் பாட்டில் வாடிக்கையாளர்கள் அவன் பெயரை மூன்றாக உடைத்து, 'கோ' என்ற ஒரு துண்டை அவனுக்குத் திருப்பித் தருகிறார்கள். இன்னொன்றில் பெற்றோல் நிலையத்துக்கு வெள்ளம் வருகிறது. கால் நனைய நின்று மிட்டாய்ப் பெட்டிகளை மேல் தட்டுக்கு ஏற்றுகிறான். வேறொன்றில் கொழும்பு லொட்ஜ் அறையில் தாயும் மகனும் ஒரே முட்டையை மற்றவர் சாப்பிடட்டும் என்று நாள் முழுவதும் தள்ளிவைக்கிறார்கள். பாட்டு எனக்குப் பழக்கமில்லை. சொன்ன விதம் பிடித்திருந்தது. இடத்தின் பெயர், தெருவின் பெயர், பஸ் இலக்கம் எல்லாம் சரியாகச் சொல்கிறான்.

ஆனால் எனக்கு வேறொன்று உறுத்தியது. அட்டையில் பாட்டுகளின் இலக்கம் ஆறுக்குப் பிறகு எட்டு.

"ஏழாவது எங்கை?"

"அது ஹூஸ்டனுக்கு மட்டும், மாமா" என்றான். பின்பெட்டியை மூடினான்.

திரும்பி வந்ததும் தம்பிராசா என்னை வரவேற்பறையில் மறித்தார். கோகுலன் சொல்லிக் கேள்விப்பட்டிருந்த டயரியைக் காட்டச் சொன்னார். அவருக்கு இல்லை என்று சொல்ல முடியாமல் காட்டினேன். தாள்களைப் புரட்டினார். ஓகஸ்ட் 19ஆம் திகதிப் பக்கத்தில் தலைமயிர் வெட்டியதற்குக் கீழே அரைப் பக்கம் வெறுமை.

"அண்ணை, இடம் கிடக்குது."

"என்ன சொல்லுறியள்?"

"நான் ஒண்டும் சொல்லேல்லை. இடம் கிடக்குது எண்டு சொன்னன். ஒரு வரிதானே. ஒரு பெடியன்ரை சீவியம்."

அவர் கெட்டவர் இல்லை. எட்டு மாதமாகக் கோகுலனிடம் பாதி வாடகைதான் வாங்குகிறார் என்று பிறகு அறிந்தேன்.

புதன்கிழமை காலை கோகுலனுக்கு வேலை. நான் தனியாகப் பார்க்டேலுக்குப் புறப்பட்டேன். அவனுடைய படிவத்தை நிரப்பிக் கொடுத்தவர் அங்கே இருக்கிறார். அந்த 3 எங்கிருந்து வந்தது என்று கேட்க வேண்டும். பஸ், பிறகு சுரங்க ரயில், பிறகு தெருவில் ஓடும் ஸ்ட்ரீட்கார். ரயில் மாறும் நிலையத்தில் பசித்தது. மஞ்சள் நிறத்தில், உள்ளே கறி வைத்த எங்கள் பற்றீஸ் போன்ற ஒன்றை வாங்கிக் கடிக்கப் போனேன். பக்கத்தில் நின்ற வயதான ஜமேக்காக்காரர், "மிஸ்டர், நீங்கள் இந்துவோ? அது மாடு" என்றார். நெற்றியில் இருந்த விபூதியைக் கவனித்திருக்கிறார். என் கையில் இருந்ததை அவரே வாங்கிக்கொண்டு மரக்கறி வைத்ததைக் கேட்டு எடுத்துத் தந்தார். லண்டனில் எத்தனை வருடம் இருந்தாலும் இப்படி ஒருவர் கையில் இருந்து சாப்பாட்டைப் பறிக்க மாட்டார்.

ஸ்ட்ரீட்காரில் எதிர்த் திசைக்கு ஏறிவிட்டேன். ஏரிக்கரையும் தொழிற்சாலைகளும் வந்து, பெயர்ப்பலகைகள் குறைந்த பிறகுதான் தெரிந்தது. திரும்ப ஏறி, பார்க்டேல் போய்ச் சேரப் பிற்பகல் இரண்டு மணி. ஒரு பழைய கட்டடத்தின் நாலாம் மாடி; லிஃப்ட் வேலை செய்யவில்லை. படிவக்காரர் அறுபது வயதைத் தாண்டியவர். ஊரில் கச்சேரி என்ற அரசாங்க அலுவலகத்தில் கிளாக்கராக இருந்தவர். கோகுலனை நன்றாக நினைவு வைத்திருந்தார்.

"பாட்டுக்காரப் பொடியன். ஓம். நான் ஒரு திகதியையும் என்ரை எண்ணத்துக்கு எழுதிறேல்லை, தம்பி. அவர் சொன்னதைத்தான் எழுதினன். நிச்சயமோ எண்டு ரெண்டு தரம் கேட்டன். அம்மா சொன்ன திகதி, அது மாறாது எண்டு சொன்னவர்."

"இங்கிலீசிலை சொன்னவனோ தமிழிலையோ?"

"அவர் எங்கை தமிழிலை சொன்னவர்? ஓகஸ்ட் தேர்ட் எண்டார். நான் எழுதினன்." அவர் தந்த தேநீர் இனிப்பாக இருந்தது. குடிக்க முடியவில்லை.

வீடு திரும்பியபோது ஒருவரும் இல்லை. மேசையில் டயரியை விரித்து வைத்தேன். இன்னும் வெளிச்சம் இருந்தது. பேனையை எடுத்தேன். டயரியில் அல்ல, ஒரு கடித உறையின் பின்பக்கத்தில் எழுதினேன்: 'இன்று அத்தானைக் கொண்டுபோனார்கள்.' பிறகு டயரிப் பக்கத்தோடு வைத்துப் பார்த்தேன். ஒன்பது வருடத்துக்கு முந்திய என் கையெழுத்து நிமிர்ந்து நின்றது. இப்போதையது வலப்பக்கம் சாய்கிறது. 'கொ' இரண்டிலும் வேறு மாதிரி. இதை ஒரு பிள்ளையும் கண்டுபிடிக்கும். உறையைக் கிழித்துக் குப்பையில் போட்டேன். நான் எழுதாமல் விட்டதற்குக் காரணம் நேர்மை என்று சொல்லிக்கொள்ள ஆசைதான். பயமும் பாதி.

வேலை முடிந்து வந்த கோகுலனிடம் கேட்டேன். "அம்மா உனக்கு எப்ப அந்தத் திகதியைச் சொன்னவ?"

சப்பாத்தைக் கழற்றிக்கொண்டிருந்தவன் நிமிரவில்லை. "ஒவ்வொரு வருசமும் போன் எடுத்துச் சொல்லுவா." மற்றச் சப்பாத்தையும் கழற்றி வைத்துவிட்டு, "நாளைக்குக் கதைப்பம் மாமா" என்றான்.

வியாழக்கிழமை காலை லோயரின் கந்தோர். அவர் ஒரு வெள்ளைக்காரப் பெண்மணி. உதவிக்கு இங்கேயே வளர்ந்த யசோ என்ற தமிழ்ப் பிள்ளை. டயரியை மேசையில் வைத்து உள்ளதைச் சொன்னேன். யசோ மொழிபெயர்த்தாள். லோயர் செப்டெம்பர் 8ஆம் பக்கத்தை நீண்ட நேரம் பார்த்தார். சம்பவம் நடந்ததற்கு இது உதவும், ஆனால் இரண்டு திகதியுமே இதற்கு முந்தியவை என்றார். குரலில் கோபம் இல்லை. அதுதான் கஷ்டமாக இருந்தது.

"அங்கிள், phone-இலை நீங்கள் date இருக்கு எண்டு சொன்னீங்கள்" என்றாள் யசோ.

"சொன்னனான் பிள்ளை." டயரியை மூடிப் பைக்குள் வைத்தேன்.

வெளியே வந்து காரில் ஏறினோம். கோகுலன் சாவியைத் திருப்பவில்லை. கண்ணாடிக்கு முன்னால் மேப்பிள் இலைகள் விழுந்துகொண்டிருந்தன. பிறகு இருக்கைக்குக் கீழே கையை விட்டு, அட்டை கசங்கிய ஒரு கசெற்றை எடுத்தான். ஹூஸ்டன் பிரதி. ஏழாவது பாட்டைத் தேடிப் போட்டான்.

முதலில் ஒரு பீப் சத்தம். பிறகு போனில் செய்தி பதியும் மெஷினின் குரல், உயிரில்லாத ஆங்கிலத்தில்: திங்கட்கிழமை, காலை எட்டு ஐம்பத்திரண்டு. அதற்குப் பிறகு என் அக்கா பேசினாள்.

"தம்பி, அம்மா. வேலைக்குப் போட்டியோ? இண்டைக்கு ஆவணி மூண்டு. அப்பாவைக் கொண்டுபோன நாள். நீ கதவைத் திறந்த நாள்."

அதோடு மேளம் இடித்தது. 'நீ கதவைத் திறந்த நாள்' என்ற துண்டு மட்டும் திரும்பத் திரும்ப வர, வேகம் குறைத்த குரலில் கோகுலன் பேசத் தொடங்கினான். பதினாலு வயதில் கதவைத் தட்டும் சத்தம் கேட்டு ஓடிப்போய்த் தாழ்ப்பாளை நீக்கியதைச் சொல்கிறான். தகப்பன் மேல்சட்டையைப் போட அவகாசம் கேட்டதை, அவர்கள் கொடுக்காததைச் சொல்கிறான். வந்தவர்கள் யார் என்று பாட்டில் இருக்கிறது. நான் இங்கே எழுதவில்லை.

ஒன்றரை வருடத்துக்குப் பிறகு அக்காவின் குரல். எனக்கு அழுகை வந்திருக்க வேண்டும். ஆனால் நான் கத்தியது வேறு.

"நிப்பாட்டு! முதல்லை இருந்து போடு! என்ன மாசம் எண்டவ?"

"ஆவணி. August."

"ஆவணி ஓகஸ்ட் இல்லையடா! ஆவணி பிறக்கிறதே ஓகஸ்ட் பதினேழு. ஆவணி மூண்டெண்டா பத்தொன்பது!"

வெயிலும் மழையும் தமிழ் மாதத்தில் கணக்குப் பார்த்து வெங்காயம் நட்ட வீட்டுக்காரி என் அக்கா. அவளுக்கு ஓகஸ்ட் என்பது அரசாங்கக் கடிதத்தில் வருகிற சொல். மகன் ஊரை விட்டபோது மாதங்களை ஒன்று, இரண்டு என்று பொருத்தி வைத்துக்கொண்டு போயிருக்கிறான். ஆவணிக்கு ஓகஸ்ட், அதே இலக்கம், முடிந்தது. யூலை அமர்வில் அவன் ஆவணி மூன்று என்று தமிழில் சொன்னானாம். மொழிபெயர்ப்பாளரும் ஓகஸ்ட் மூன்று என்று சொல்லியிருக்கிறார். இவனுக்குப் பிழையாகவே படவில்லை.

நான் கைவிரலில் எண்ணினேன். செய்தி வந்தது, கசெற் வெளியிட்ட அதே 1996இல் என்றான் கோகுலன். அந்த வருடம் ஓகஸ்ட் 19 திங்கட்கிழமை. 3ஆம் திகதி சனிக்கிழமை. ஹூஸ்டனில் காலை எட்டு ஐம்பத்திரண்டு என்றால் கொழும்பில் இரவு எட்டரைக்குக் கிட்ட, அங்கேயும் திங்கள்தான். மெஷின் திங்கள் என்று சொல்கிறது. இரண்டு தரம் சரிபார்த்தேன்.

"வா, மேலை போவம். லோயரிட்டைக் குடுப்பம்."

"வேண்டாம் மாமா."

"என்னடா வேண்டாம்?"

"அந்த ரூமிலை தமிழ் விளங்கிற ஆக்கள் இருப்பினம். ஹூஸ்டனிலை ஒருத்தருக்கும் அம்மா சொன்னது விளங்காது. சும்மா ஒரு சத்தம் எண்டுதான் கேட்டவங்கள். அதாலைதான் அங்கை போட்டனான்."

"நீ அப்ப சின்னப் பிள்ளை. கதவைத் திறந்ததுக்கு ஆர் உன்னைக் குறை சொல்லப் போகினம்?"

முக்கால் மணி நேரம் காருக்குள் இருந்தோம். நான் அதட்டினேன், கெஞ்சினேன். திருப்பி அனுப்பினால் என்ன நடக்கும் என்று அவனுக்குத் தெரிந்ததையே சொன்னேன். கடைசியில் அவனே கதவைத் திறந்து இறங்கினான்.

லோயர் பாட்டைக் கேட்டதும் எழுந்து நின்றுவிட்டார். ஆனால் பாட்டு போதாது, பாட்டை எப்படியும் வெட்டி ஒட்டலாம், மெஷினில் இருந்த மூலக் கசெற் இருக்கிறதா என்று கேட்டார். கோகுலனின் முகம் மாறியது. இருக்கிறது என்றான். அம்மாவின் குரல் என்பதால் எறியவில்லை. "ஆனா மிச்சம் குடும்பக் கதை. திகதி வாற இடம் மட்டும் காணும்தானே?" போதும் என்றார் லோயர். அந்த இரண்டு வரியை மட்டும் யசோ எழுதி மொழிபெயர்த்தாள்.

வெள்ளிக்கிழமை ஒன்பது மணிக்குப் போனோம். நகர நடுவில் ஓர் உயரமான கட்டடம். விசாரணை அறை ஒரு வகுப்பறை அளவுதான். இரண்டு உறுப்பினர்கள், தலைமை உறுப்பினர் கண்ணாடி போட்ட ஒரு பெண். கேள்வி கேட்கும் அதிகாரி ஒருவர். மொழிபெயர்ப்பாளர் புதியவர், நாற்பது வயதுத் தமிழ்ப் பெண். என்னை முதலில் கூப்பிட்டார்கள். தமிழ் மாதம் எப்போது பிறக்கிறது என்று சொன்னேன். 1989ஆம் ஆண்டுப் பஞ்சாங்கத்தின் பிரதியை யசோ பலசரக்குக் கடைக்காரர் ஒருவரிடம் தேடிப் பிடித்திருந்தாள், அதைக் காட்டினேன். அதிகாரி டயரியைப் பற்றிக் கேட்டார். அந்த நாளில் நான் என்ன எழுதியிருக்கிறேன் என்று வாசிக்கச் சொன்னார்.

"தலைமயிர் வெட்டினேன்" என்று வாசித்தேன். மொழிபெயர்த்தார்கள். ஒருவரும் சிரிக்கவில்லை. நான் மூலையில் இருக்க அனுமதித்தார்கள்.

பிறகு மெஷினில் இருந்த சின்னக் கசெற்றைப் போட்டார்கள். பீப். திங்கட்கிழமை, எட்டு ஐம்பத்திரண்டு. அக்காவின் குரல். ஆவணி மூன்று. நீ கதவைத் திறந்த நாள். லோயர் நிறுத்தக் கையை நீட்டினார். தலைமை உறுப்பினர், "முழுவதையும் கேட்கிறேன்" என்றார்.

கோகுலன் மேசையின் விளிம்பைப் பிடித்தான். எனக்கு விளங்கவில்லை. கதவைப் பற்றிச் சொன்னது முடிந்துவிட்டதே. இதற்கு மேல் என்ன பயம்?

கசெற் ஓடியது. பாட்டில் மேளம் இடித்த இடத்தில் இங்கே மேளம் இல்லை. அக்கா மூச்சு விடுவது கேட்டது. பிறகு சொன்னாள்:

"திற எண்டு சொன்னது நான்தானே. அடுத்த வீட்டு ஆக்கள் எண்டு நினைச்சிட்டன். அப்பா திறக்காதை எண்டவர். நான்தான் திற எண்டனான். உதை ஒருத்தருக்கும் சொல்லாதை ராசா."

மெஷின் இன்னொரு பீப் அடித்து நின்றது.

மொழிபெயர்ப்பாளர் தொடங்கினார். திகதியைச் சொன்னார், இந்தத் தடவை ஆவணி என்றே சொன்னார். கதவைச் சொன்னார். தாய் திறக்கச் சொன்னதைச் சொன்னார். கடைசி வரிக்கு வந்ததும் நிறுத்திவிட்டார். தலைமை உறுப்பினர் காத்திருந்தார். இன்னும் ஏதோ இருக்கிறதல்லவா என்று கேட்டார்.

மொழிபெயர்ப்பாளர் கோகுலனைப் பார்த்தார். எல்லாவற்றையும் சொல்வேன் என்று சத்தியம் செய்தவர் அவர், இருந்தும் பார்த்தார். அவன் கண்ணைத் துடைக்காமலே, "சொல்லுங்கோ அக்கா" என்றான்.

அவர் சொன்னார்.

பாட்டில் அவன் தன்னையே குற்றவாளியாக்கிக்கொண்டு, தாய் சொன்ன மிச்சத்தை மேளத்துக்குள் அமுக்கியிருக்கிறான். அவன் மறைக்க நினைத்தது தன்னை இல்லை. நேற்று முக்கால் மணி நேரம் எதைக் கொடுக்கச் சொல்லி அவனை அதட்டிக்கொண்டிருந்தேன் என்று அப்போதுதான் தெரிந்தது. செப்டெம்பர் 8ஆம் திகதி வந்த கடிதத்தில் அக்கா எனக்கும் இதை எழுதவில்லை.

தலைமை உறுப்பினர் கண்ணாடியைக் கழற்றினார். இருபது நிமிட இடைவேளை என்றார். கோகுலன் தாழ்வாரத்துத் தண்ணீர்க் குழாயில் முகம் கழுவினான். உள்ளே கூப்பிட்டு, அங்கேயே முடிவைச் சொன்னார்கள்: ஏற்றுக்கொள்கிறோம். அவனுக்கு ஆங்கிலத்திலேயே விளங்கிவிட்டது. ஆனாலும் மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொல்லி முடிக்கும்வரை அவரையே பார்த்துக்கொண்டு நின்றான்.

இரவு தம்பிராசா வீட்டில் கொத்துரொட்டி எடுத்துக் கொண்டாடினார்கள். "ஆவணிக்கு ஓகஸ்ட் எண்டு சொன்னவனைப் பிடிச்சு உதைக்க வேணும்" என்று தம்பிராசா கத்தினார். அது கோகுலன்தான் என்று சொன்னதும், "அப்ப நாளைக்கு உதைக்கிறன்" என்றார். கசெற்றில் இருந்த மிச்சத்தை நானும் கோகுலனும் அங்கே யாருக்கும் சொல்லவில்லை.

நான் ஞாயிறு லண்டன் திரும்பினேன். இதை எழுதும் எண்ணம் அப்போது இல்லை; எழுத எனக்கு உரிமையும் இல்லை. மார்கழியில் ஒரு பார்சல் வந்தது. கோகுலன் தன் கசெற்றை ரொறன்ரோவில் புதிதாக அச்சடித்திருக்கிறான். அட்டையில் இலக்கம் விடுபடவில்லை. ஆறுக்குப் பிறகு ஏழு. ஸ்காபரோ பிளாசாவில், தமிழ் விளங்கும் சனத்துக்கு நடுவில், பின்பெட்டியைத் திறந்து வைத்து இதை விற்கிறானாம். அடுப்படியில் இருந்த பிளேயரில் போட்டேன். மேளம் எந்த இடத்தில் இடிக்கும் என்று எனக்குத் தெரியும். அந்த இடம் வந்தது, இடிக்கவில்லை. அக்கா தன் மூச்சை விட்டு, சொல்ல வேண்டியதைச் சொல்லி, ராசா என்று முடித்தாள். அதற்குப் பிறகுதான் மேளம் தொடங்கியது.